“மருந்து வைத்து மயக்கிவிட்டாள்” என்கிறார் மாமியார்

கேள்வி:

நாகர்கோவில் பக்கம் ஒரு ஊர். எனக்கு 29 வயது. காதல் திருமணம், வேறு சாதி. கல்யாணமாகி நான்கு வருடம் ஆகிறது. அதற்கு முந்தைய வருடம் அவர் வீட்டில் விஷயம் தெரிந்து பெரிய சண்டை. அவர் என்னோடு பேசுவதையே நிறுத்திவிட்டார். நான் அழுதுகொண்டே ஒரு நாளைக்கு இருபது தடவை போன் செய்வேன், எடுக்க மாட்டார். என் நிலையைப் பார்த்த சித்தி, ஒருவரிடம் கூட்டிப்போய் வசியத் தாயத்து வாங்கிக் கொடுத்தார். “ஒரு மண்டலம் கட்டியிரு. அதுவரை அவனுக்கு போன் போடாதே, அவன் எதிரில் போய் நிற்காதே” என்று சொன்னார்கள். 48 நாள் முடியும் முன்பே அவராகவே வந்தார். வீட்டை எதிர்த்துக் கட்டிக்கொண்டார்.

இப்போது ஆறு மாதமாக மாமியார், “மருந்து வச்சு என் பிள்ளைய மயக்கிட்டா, நீலி” என்று வருகிறவர் போகிறவரிடம் எல்லாம் சொல்கிறார். அவர் இளைத்துவிட்டாராம், பேச்சு குறைந்துவிட்டதாம், அதுதான் அடையாளமாம். வயிற்றிலிருந்து மருந்தை எடுக்கிற ஒருவரிடம் அவரைக் கூட்டிப்போக நாள் குறித்திருக்கிறார். என் கணவருக்கு அல்சர் வேறு இருக்கிறது. கேட்டால், “அம்மா திருப்திக்கு ஒரு தடவை போய்ட்டு வந்திடறேன்” என்கிறார். நானும் கோயிலில் சூடம் அணைத்துச் சத்தியம் செய்ய வேண்டுமாம். சாப்பாட்டில் நான் எதையும் கலந்ததில்லை. ஆனால் தாயத்து கட்டியது உண்மை. அவர் என் மேல் வைத்திருப்பது அன்பா, தாயத்து செய்த வேலையா என்று ராத்திரியில் தூக்கம் வரவில்லை. அவரிடம் சொல்லிவிடலாமா? அப்புறம் ஒரு கேள்வி: மயக்குகிறவள் என்றால் மோகினி, நீலி என்று எப்போதும் பெண்தானா?

– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்:

அவசரமானதை முதலில் சொல்லிவிடுகிறேன். உங்கள் கணவர் மருந்து எடுக்கப் போக வேண்டாம். அம்மாவின் திருப்திக்கு என்று ஒரு தடவைகூட வேண்டாம். அங்கே என்ன செய்வார்கள் என்று அவர் விசாரித்தாரா? ஏதோ ஒரு இலைச்சாற்றை, அல்லது பொடி கலந்த பாலை வெறும் வயிற்றில் குடிக்க வைப்பார்கள். வாந்தி வரும்வரை விடமாட்டார்கள். அந்தச் சாற்றில் என்ன இருக்கிறது என்று கேட்டால் பரம்பரை ரகசியம் என்பார்கள். அல்சர் இருக்கிற வயிற்றை இப்படிக் கட்டாயப்படுத்திக் குமட்ட வைத்தால் ரத்த வாந்தியில் கொண்டுபோய் விடலாம். வாந்தி மூச்சுக்குழாயில் இறங்குவது இன்னொரு ஆபத்து. வேறு சில இடங்களில் வயிற்றின்மேல் ஒரு குழலை வைத்து உறிஞ்சி, முடி சுற்றிய உருண்டை ஒன்றைத் துப்பிக் காட்டுவார்கள். தோலுக்கு வெளியே வைத்த குழல் வழியாக இரைப்பைக்குள் இருப்பது வராது. வருவது, உறிஞ்சுகிறவர் தன் வாயில் முன்பே அடக்கி வைத்திருந்தது.

இன்னொரு சின்ன விஷயத்தையும் அவருக்குச் சொல்லுங்கள். நாம் சாப்பிடுவது சில மணி நேரத்தில் இரைப்பையை விட்டு இறங்கிவிடுகிறது. நான்கு வருடத்துக்கு முன் சோற்றில் வைத்த ஒன்று இன்னும் அங்கேயே ஒட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்காது. கேரளத்தில் இதையே கைவிஷம் என்பார்கள். சேர்த்தலைக்குப் பக்கத்தில் திருவிழா மகாதேவர் கோயிலில் அதற்கென்றே மருந்து கொடுக்கிறார்கள், உங்கள் பக்கத்திலிருந்தும் ஆட்கள் போகிறார்கள். கோயிலுக்குப் போகிறவர்களின் நம்பிக்கையோடு எனக்கு வழக்கு இல்லை. அல்சர்காரர் யாரோ ஒருவர் கையால் எதையோ குடிப்பதைப் பற்றித்தான் பேசுகிறேன்.

அவர் இளைத்திருப்பதும் பேச்சு குறைந்திருப்பதும் உண்மையென்றால் அதற்கு வேறு வழி இருக்கிறது. சர்க்கரை, தைராய்டு இரண்டையும் ரத்தத்தில் பார்க்கச் சொல்லுங்கள். அல்சர் மாத்திரையை ஒழுங்காகச் சாப்பிடுகிறாரா, சாப்பாடு இறங்குகிறதா, தூங்குகிறாரா என்று கவனியுங்கள். மனச்சோர்வு வந்தவர்களும் இப்படித்தான் இளைப்பார்கள், பேச்சைக் குறைத்துக்கொள்வார்கள். ஆறு மாதமாக அம்மாவுக்கும் மனைவிக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு முழிக்கிற ஒருவர் வாயாடியாக இருந்தால்தான் எனக்கு ஆச்சரியமாக இருந்திருக்கும். மாமியாரையும் அந்த டாக்டரிடம் கூடவே கூட்டிப்போங்கள். மகனுக்கு ஏதோ சரியில்லை என்று அவர் கண்டதில் தப்பு இல்லை. காரணத்தை மட்டும்தான் தப்பாகப் பிடித்திருக்கிறார்.

இனி தாயத்து. நான் குடும்பநல ஆலோசனைக்கு வரும் முன் நாட்டார் வழக்காற்றியல் படித்தவள். அதனால் இந்தப் பகுதியில் கொஞ்சம் நீளமாகவே பேசுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அது வேலை செய்ததா என்ற கேள்விக்கு உங்கள் கடிதத்திலேயே பதில் இருக்கிறது. தாயத்தோடு ஒரு பத்தியமும் கொடுத்தார்கள்: போன் போடாதே, எதிரில் நிற்காதே. தினமும் இருபது அழைப்பு வந்துகொண்டிருந்தவருக்குத் திடீரென்று ஒன்றுகூட வரவில்லை. அந்தப் பக்கம் அப்பா அம்மா, இந்தப் பக்கம் அழுகை என்று இருந்த மனிதருக்கு மூச்சுவிட இடம் கிடைத்தது. யோசித்தார், வந்தார். தாயத்து கொடுத்தவர் மனித மனம் தெரிந்தவர், அவ்வளவுதான். தகட்டில் எழுதியிருந்தது உங்கள் கணவர் இருந்த இடத்துக்குத் தெரிந்திருக்க வழியில்லை, உங்கள் மௌனம் நன்றாகவே தெரிந்திருக்கும். அதன்பிறகு வீட்டை எதிர்த்தது, வாடகைக்கு வீடு பார்த்தது, நான்கு வருடம் சேர்ந்து குடித்தனம் நடத்தியது எல்லாம் அவர் செய்தவை. அந்தக் கணக்கைக் கொண்டுபோய் ஒரு தாயத்தின் பெயரில் எழுதாதீர்கள்.

கட்டியது பாவமா? ஆசைப்பட்டவரை அடைய ஒரு சடங்கு செய்ததற்காக நம் மரபு பெண்ணை எல்லா இடத்திலும் தூற்றிவிடவில்லை. நாச்சியார் திருமொழியை எடுத்துப் பாருங்கள். முதல் பத்துப் பாட்டும் காமதேவனுக்கு ஆண்டாள் இருக்கிற நோன்பு. தை மாதம் முழுக்கத் தரை மெழுகி மண்டலக் கோலம் போடுகிறாள். மாசி பிறந்ததும் நுண்மணலால் தெருவை அலங்கரிக்கிறாள். சுவரில் காமன் பெயரை எழுதி, அவனுடைய சுறாக்கொடியையும் குதிரைகளையும் கரும்பு வில்லையும் வரைந்து காட்டுகிறாள். எதற்கு? வேங்கடவனோடு என்னைச் சேர்த்துவை என்று கேட்கத்தான். நான்காம் பத்தில் கூடல் இழைக்கிறாள். கண்ணை மூடிக்கொண்டு மணலில் வட்டம் வரைய வேண்டும், தொடங்கிய முனையும் முடிந்த முனையும் கூடினால் அவன் வருவான் என்று அர்த்தம். வேறு யாராவது செய்திருந்தால் இதற்கு என்ன பெயர் வைத்திருப்போம் என்று யோசித்துப் பாருங்கள். அவளைக் கோயிலில் வைத்துக் கும்பிடுகிறோம்.

இதே காரியத்தை வேண்டாம் என்றவளும் நம்மிடம் இருக்கிறாள். கோவலன் மாதவியிடம் போய்விட்டான். கண்ணகியின் தோழி தேவந்தி வந்து யோசனை சொல்கிறாள்: காவிரி கடலோடு கலக்கிற இடத்தில் சோமகுண்டம், சூரியகுண்டம் என்று இரண்டு துறைகள் இருக்கின்றன, அவற்றில் மூழ்கிக் காமவேள் கோட்டத்தைத் தொழுதால் கணவனோடு இன்பமாக வாழலாம். கண்ணகி, “பீடு அன்று” என்று சொல்லிவிடுகிறாள். அது எனக்குப் பெருமை இல்லை என்கிறாள். சிலப்பதிகாரத்தில் இதற்கு அடுத்து நடப்பதுதான் எனக்கு மிகவும் பிடித்த இடம். அவள் அப்படிச் சொல்லி முடித்ததும் வேலைக்காரச் சிறுமி உள்ளே ஓடிவந்து, வாசலில் கோவலன் என்கிறாள். குண்டத்தில் மூழ்காமலே வந்துவிட்டான். மூழ்கியிருந்தால் அன்றைக்கு அவன் வந்த புண்ணியம் முழுக்கக் குண்டத்துக்குப் போயிருக்கும். உங்கள் 48 நாளும் அப்படித்தான் தாயத்தின் கணக்கில் ஏறிவிட்டது.

கோவலனை விடாமல் இன்னும் கொஞ்சம் தொடர்வோம். உங்கள் கடைசிக் கேள்விக்கு அவன்தான் சரியான சாட்சி. இந்திர விழா முடிந்து கடற்கரையில் அவனும் மாதவியும் யாழை மாற்றி மாற்றிப் பாடுகிறார்கள். அவள் பாட்டில் வேறு யாரோ இருப்பதாக அவனுக்குச் சந்தேகம். “மாயப்பொய் பல கூட்டும் மாயத்தாள்” என்று பெயர் வைத்துவிட்டு எழுந்து போகிறான். வருடக்கணக்கில் அவளோடு வாழ்ந்து, ஒரு பெண் குழந்தையும் பெற்று, சொத்தையெல்லாம் தொலைத்தவன் அவன். தொலைத்ததற்கு அவன் பொறுப்பு என்று இருந்தது அந்த ஒரு வார்த்தையில் அவள் மாயமாகிவிடுகிறது.

அப்புறம் மதுரைக்குப் போகிற வழியில் காட்டில் அவனுக்கு நிஜமாகவே ஒரு மயக்கும் தெய்வம் எதிர்ப்படுகிறது. மாதவியின் தோழி வசந்தமாலை உருவத்தில் வந்து, காலில் விழுந்து கண்ணீர் விடுகிறது. கோவலன் அவசரப்படவில்லை. இந்தக் காட்டில் மயக்கும் தெய்வம் உண்டு என்று கேள்விப்பட்டது நினைவுக்கு வருகிறது. கொற்றவையின் மந்திரத்தைச் சொல்லிப் பார்க்கிறான், வேஷம் கலைகிறது. பேயைச் சோதிக்கத் தெரிந்தவன் மாதவியைச் சோதிக்கவில்லை. ஒரு பாட்டிலேயே தீர்ப்பு எழுதிவிட்டான்.

மதுரையை எட்டும் முன், வழியில் ஓர் ஊரில் இருக்கும்போது கௌசிகன் என்ற அந்தணன் மாதவியின் கடிதத்தைக் கொண்டுவந்து கொடுக்கிறான். அதைப் படித்த பிறகுதான் அவனுக்கு உறைக்கிறது. அவள் மேல் தீது இல்லை, இது “என் தீது” என்று உணர்கிறான். மயக்கப்பட்டதாகச் சொன்ன ஆணே, மயக்கம் எதுவும் இல்லை, நான் செய்ததுதான் என்று ஒப்புக்கொள்கிற இடம். நம் கதைகளில் இப்படிப்பட்ட இடம் அதிகம் இல்லை. அதன்பிறகு அவன் அதிக நாள் உயிரோடு இருக்கவும் இல்லை.

இப்போது நீலிக்கு வருகிறேன். மாமியார் அதைத் திட்டாகச் சொல்கிறார். உங்கள் மாவட்டத்தில் வில்லுப்பாட்டு கேட்டு வளர்ந்தவர் அந்தப் பெயரைத் திட்டாகச் சொல்வது எனக்கு வேடிக்கையாக இருக்கிறது. கோயில் கொடை விழாவில் பாடுகிற ஒரு வடிவத்தில் கதை இப்படிப் போகும். கோயிலில் பூசை செய்கிற இளைஞன் ஒருவன் ஒரு தாசிப் பெண்ணின் மேல் பைத்தியமாக இருக்கிறான். கையில் இருந்ததெல்லாம் கரைகிறது. பணம் தீர்ந்ததும் அவளுடைய தாய் அவனைத் துரத்திவிடுகிறாள். ஆனால் அந்தப் பெண் தாயை விட்டுவிட்டு, நகைகளோடு அவன் பின்னால் போகிறாள். கவனியுங்கள், காசில்லாத ஆளின் பின்னால் போகிறாள். வழியில் கள்ளி மரத்தடியில் அவன் மடியில் தலைவைத்துத் தூங்குகிறாள். நகைக்கு ஆசைப்பட்டு அவள் தலையில் கல்லைப் போட்டுக் கொன்றுவிடுகிறான். பார்க்க ஆள் இல்லை, கள்ளிதான் சாட்சி.

அடுத்த பிறவியில் அவன் செல்வமுள்ள வணிகன். அவள் நீலி. கள்ளிக்கொம்பை ஒடித்துக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு அவன் முன்னால் வருகிறாள். ஊர்ச்சபையில் நின்று, இவர் என் புருஷன், என்னை விட்டுவிட்டு ஓடுகிறார் என்று அழுகிறாள். சபை அவள் கண்ணீரை நம்பி அவனை அவளோடு அனுப்புகிறது. பொழுது விடியும்போது அவன் பிணம். வடக்கே திருவாலங்காட்டுக்குப் பக்கத்துப் பழையனூரில் சொல்கிற கதையில், அவன் உயிருக்கு வாக்குக் கொடுத்த வேளாளர் எழுபது பேரும் சொன்ன சொல்லுக்காகத் தீயில் இறங்குகிறார்கள். சம்பந்தரின் திருவாலங்காட்டுப் பதிகத்திலேயே இந்தக் கதையின் சாயல் இருக்கிறது, அவ்வளவு பழசு.

நமக்கு இதில் மிஞ்சியது நீலிக்கண்ணீர் என்ற பேச்சு மட்டும். பொய் அழுகை, வேஷம், ஆணை மயக்கிக் கொல்கிறவள். கதையின் முதல் பாதி, அந்தக் கல், அந்த நகை, பேச்சில் காணாமல் போய்விட்டது. பாட்டில் காணாமல் போகவில்லை. உங்கள் பக்கத்து ஊர்களில் அந்தக் கதைக்காரிதான் இசக்கி. முப்பந்தலில் போய்ப் பாருங்கள். பிள்ளை இல்லாதவர்கள் தொட்டில் கட்டுகிறார்கள், பிரசவத்துக்கு முன் வேண்டிக்கொள்கிறார்கள். கொலை செய்யப்பட்ட பெண்ணைச் சமாதானப்படுத்தித் தாயாக்கி வைத்திருக்கிறார்கள். அநேகமாக உங்கள் மாமியாரும் அங்கே பொங்கல் வைத்திருப்பார்.

மோகினி விஷயம் இன்னும் விசித்திரம். பாற்கடல் அமுதத்தை அசுரர்களிடமிருந்து பறிக்கவும், தொட்டவன் தலையைச் சாம்பலாக்கும் வரம் பெற்ற பஸ்மாசுரனைத் தன் தலையிலேயே கைவைக்கச் செய்யவும் விஷ்ணு எடுத்த வேஷம் அது. ஸ்ரீரங்கத்தில் வைகுண்ட ஏகாதசிக்கு முதல் நாள் நம்பெருமாளை அந்தக் கோலத்தில்தான் அலங்கரிக்கிறார்கள், கூட்டம் அலைமோதும். மயக்குவதைக் கடவுள் செய்தால் அலங்காரம். அதே பெயரைப் புளியமரத்தடியில் செத்துப்போன ஏதோ ஒரு பெண்ணுக்கு வைத்தால் பிசாசு. ராத்திரி தனியாக வருகிற ஆணிடம் சுண்ணாம்பு கேட்பாள் என்று நீங்களும் சின்ன வயதில் கேட்டிருப்பீர்கள். ராத்திரி தனியாக நடந்துபோன பெண்ணுக்கு என்ன நடந்திருக்கும் என்பதை அந்தக் கதைகள் சொல்ல வாய் திறப்பதில்லை.

இந்த வசியத்தையெல்லாம் நிஜத்தில் செய்தவர்கள் யார்? இரண்டு தரப்பும்தான். அதர்வ வேதத்தின் மூன்றாம் காண்டத்தில், காமனின் அம்பால் உன் நெஞ்சைத் துளைக்கிறேன் என்று ஆண் பெண்ணை நோக்கிச் சொல்லும் மந்திரம் இருக்கிறது. ஆறாம் காண்டத்தில், அவன் என்னை நினைத்து எரியட்டும் என்று பெண் சொல்வது இருக்கிறது. கணவனோ மனைவியோ ஒருவரையொருவர் வசப்படுத்தச் செய்தால் அதைக் குற்றமாகக் கொள்ளவேண்டாம் என்று கௌடில்யரின் அர்த்தசாஸ்திரம் விட்டுவைக்கிறது. பிற்காலத்தில் அட்டகர்மம் என்று வசியம், மோகனம், தம்பனம் தொடங்கி மாரணம் வரை எட்டாக வகுத்து எழுதிய நம் மாந்திரிக நூல்களில் ஸ்திரீ வசியம் என்று தனித் தலைப்பே உண்டு. அந்தப் பக்கங்கள் ஆணைப் பார்த்துப் பேசுகிறவை.

எகிப்தில் கிடைத்து இப்போது பாரிஸின் லூவ்ர் அருங்காட்சியகத்தில் இருக்கிற ஒரு களிமண் பொம்மையைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். கி.பி. முதல் சில நூற்றாண்டுகளைச் சேர்ந்தது. மண்டியிட்டு, கைகளைப் பின்னால் கட்டிய நிலையில் ஒரு பெண். உடம்பில் 13 ஊசிகள் குத்தியிருக்கின்றன. கூடவே ஒரு ஈயத் தகடு. தோலமாயிஸ் என்ற பெண் தன்னிடம் வந்து சேரும்வரை அவளுக்குச் சோறு தண்ணீர் இறங்கக் கூடாது என்று சாரபம்மோன் என்பவன் எழுதி வைத்திருக்கிறான். அந்தக் காலத்துக் கிரேக்கக் காதல் மந்திரங்களில் இப்படிப் பெண்ணை இழுத்து வரச்சொல்லி ஆண்கள் செய்தவைதான் அதிகம் கிடைத்திருக்கின்றன. அதே மக்களின் காவியத்திலும் நாடகத்திலும் மருந்து வைக்கிறவர்கள் யார் என்று பார்த்தால் சர்சி, மெடியா, எல்லாம் பெண்கள். ஆகவே, எப்போதும் பெண்தானா என்றால், செய்தவர்களின் பட்டியலில் இல்லை, கதை சொல்கிறவர்களின் பட்டியலில் ஆமாம்.

காரணம் ரொம்பச் சிக்கலானது இல்லை என்று நினைக்கிறேன். மகன் தானாக யோசித்து, தாயின் பேச்சை மீறி ஒருத்தியைக் கட்டினான் என்பதை ஏற்பது கஷ்டம். மருந்து வைத்துவிட்டாள் என்றால் மகன் இன்னமும் அம்மா பிள்ளைதான், உள்ளே ஏதோ ஒன்று போய்விட்டது, அதை எடுத்தால் பழைய பிள்ளை திரும்பி வருவான். உங்களைத் திட்டுகிற அந்தப் பேச்சுக்குள் அப்படியொரு நம்பிக்கை இருக்கிறது. சங்கப் பாட்டுத் தாய்களும் இதைச் செய்தவர்கள்தான். மகள் மெலிந்து போனால் அணங்கு தாக்கிவிட்டது என்று முருகன் பூசாரியான வேலனைக் கூப்பிட்டு, சாமியாடுகிற வெறியாட்டு நடத்துவார்கள், ஆட்டை அறுப்பார்கள். மகள் மெலிந்தது மலைநாட்டுப் பையன் ஒருவனை நினைத்து என்று தோழிக்குத் தெரியும். நற்றிணையில் ஒரு தோழி, நீ கடவுளாகவே இருந்தாலும் விவரம் போதாது என்று முருகனிடமே சொல்கிறாள். மாமியாரை எதிரியாகப் பார்ப்பதைக் கொஞ்சம் தள்ளி வைத்துவிட்டு, வேலனைக் கூப்பிட்ட அந்தத் தாய்களின் வரிசையில் வைத்துப் பாருங்கள். அதற்காக அவர் பேசுவதைக் கேட்டுக்கொண்டு இருக்க வேண்டும் என்று சொல்லவில்லை.

கணவரிடம் தாயத்தைப் பற்றிச் சொல்லுங்கள். என் கருத்து அதுதான். உங்கள் சித்திக்குத் தெரியும், தாயத்து கொடுத்தவருக்குத் தெரியும். என்றாவது வேறு ஒரு வாய் வழியாக அது மாமியார் காதுக்குப் போனால் தாயத்து மருந்தாகிவிடும், நீங்கள் மறைத்தது சாட்சியாகிவிடும். மகாபாரதத்தின் வனபர்வத்தில் சத்தியபாமா திரௌபதியிடம் கேட்கிறாள்: ஐந்து பேரை எப்படி வசத்தில் வைத்திருக்கிறாய், விரதமா, மந்திரமா, வேரா, மருந்தா? திரௌபதிக்குக் கோபம் வருகிறது. மனைவி மந்திரமும் வேரும் வைக்கிறாள் என்று தெரிந்தால், வீட்டுக்குள் பாம்பு இருக்கிறது என்று தெரிந்ததுபோல் கணவன் பயந்து கிடப்பான் என்கிறாள். இப்படிக் கொடுத்த பொடிகளால் ஆண்களுக்கு மகோதரமும் (வயிறு வீங்கும் நோய்) குஷ்டமும் வந்திருக்கிறது என்றும் சொல்கிறாள். அந்தப் பயம் வேறு யாரோ சொல்லி உங்கள் கணவருக்கு வருவதற்கு முன், நீங்கள் சொல்வது நல்லது. (அதற்குப் பதிலாகத் தான் செய்வதாகத் திரௌபதி ஒரு பட்டியல் தருகிறாள், எல்லோருக்கும் முன் எழுந்து எல்லோருக்கும் பின் தூங்குவது என்று. அதை நான் உங்களுக்குச் சிபாரிசு செய்யவில்லை.)

சொல்லும் இடமும் நேரமும் முக்கியம். சண்டை நடக்கிற அன்று வேண்டாம், மாமியார் வீட்டில் வேண்டாம். நீங்கள் இருவர் மட்டும் இருக்கும்போது, மன்னிப்புக் கேட்கிற தொனி இல்லாமல் சொல்லுங்கள்: “நீங்க பேசாம இருந்தப்ப பயந்துட்டேன். சித்தி கூட்டிட்டுப் போனாங்க, ஒரு தாயத்து கட்டிக்கிட்டேன். உங்க சாப்பாட்டுல ஒரு நாளும் எதுவும் போட்டதில்ல.” இவ்வளவு போதும். அவர் சிரிக்கலாம், கொஞ்சம் முகம் சுளிக்கலாம். பிறகு நீங்கள் ஒன்று கேளுங்கள்: அந்த 48 நாளில் நீங்கள் என்ன யோசித்தீர்கள், எதனால் வந்தீர்கள்? நான்கு வருடமாக இதை நீங்கள் அவரிடம் கேட்கவே இல்லை என்று உங்கள் கடிதத்தைப் படித்தால் தோன்றுகிறது. தாயத்துக்குப் பயந்து கேட்கவில்லை போலிருக்கிறது.

அவர் சொல்கிற பதிலை அவர்தான் அவருடைய அம்மாவிடமும் சொல்ல வேண்டும். நீங்கள் சொன்னால் அது மருந்து பேசுவதாகிவிடும். “நான் விரும்பித்தான் கட்டினேன். என்னை யாரும் மயக்கல” என்று மகன் வாயால் வர வேண்டும், ஒரு தடவை போதாது, நாலு தடவை வர வேண்டும். அம்மாவின் திருப்திக்காக மருந்து எடுக்கப் போகிறவர் வாந்தியே எடுக்காவிட்டாலும், போனதாலேயே, என்னை மயக்கியிருக்கலாம் என்று ஊருக்கு ஒப்புக்கொண்டவர் ஆகிறார். அது அவருக்குப் புரியவில்லை என்றால் இந்தப் பக்கத்தை அவரிடமே காட்டுங்கள்.

சூடம் அணைக்க ஒத்துக்கொள்ளாதீர்கள். சத்தியம் செய்தால் பிரச்சினை முடியும் என்று நல்ல எண்ணத்தில் சிலர் சொல்வார்கள். முடியாது. அடுத்த தடவை அவருக்குக் காய்ச்சல் வந்தால், பொய்ச் சத்தியத்தின் பலன் என்பார்கள். உங்கள் ஊருக்குப் பக்கத்துச் சுசீந்திரத்தில், கொதிக்கிற நெய்யில் கையை விட்டுக் குற்றமில்லை என்று நிரூபிக்கச் சொல்கிற கைமுக்கு என்ற வழக்கம் ஒரு காலத்தில் இருந்தது. 19ஆம் நூற்றாண்டில் திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாள் ஆட்சியிலேயே அதை நிறுத்திவிட்டார்கள். நீங்கள் புதிதாகத் தொடங்கி வைக்க வேண்டாம். “கோயிலுக்கு வரேன் அத்தை, சாமி கும்பிட வரேன், சத்தியம் பண்ண வரல” என்று மரியாதையாகவே சொல்லலாம்.

தாயத்து கொடுத்தவர் மறுபடி தொடர்பு கொண்டு, கட்டு அவிழ்ந்துவிட்டது, புதுப்பிக்க வேண்டும், இல்லையென்றால் உங்கள் கணவரிடம் சொல்லிவிடுவேன் என்று பணம் கேட்கலாம். இந்தத் தொழிலில் இது நடக்கிறது. நீங்களே கணவரிடம் சொல்லிவிட்டால் அந்த மிரட்டலுக்கு விலை கிடையாது. போனில் பணம் பறிபோனால் 1930 என்ற எண்ணில் உடனே புகார் செய்யலாம்.

மாமியாரின் பேச்சு வீட்டோடு நிற்காமல் ஊர்க்கூட்டம், கட்டாயச் சத்தியம், உங்களுக்கும் ஏதாவது குடிக்கக் கொடுப்பது என்று போனால் பொறுத்திருக்காதீர்கள். குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் 2005ஆம் ஆண்டுச் சட்டத்தில் அடி மட்டும் வன்முறை இல்லை, இழிவாகப் பேசுவதும் மனத்தை நோகடிப்பதும் அதில் சேரும். கணவரின் உறவினர்கள் மீதும் அந்தச் சட்டத்தில் போகலாம். 181 பெண்கள் உதவி எண், எந்த நேரமும் அழைக்கலாம். மாவட்டச் சமூகநல அலுவலகத்தில் இதற்கென்றே பாதுகாப்பு அலுவலர் இருக்கிறார். அழைத்ததும் வழக்கு போட்டுவிடுவார்களோ என்று பயப்பட வேண்டாம், முதலில் பேசித்தான் பார்ப்பார்கள்.

மருந்து எடுக்க எந்தத் தேதி குறித்திருக்கிறார்கள் என்று நீங்கள் எழுதவில்லை. தாயத்துப் பேச்சுக்கு நல்ல நேரம் பார்த்துக்கொண்டு அந்தத் தேதியைத் தவறவிட்டுவிடாதீர்கள். அல்சருக்குப் பார்க்கிற டாக்டரிடம் அதற்கு முன்னாலேயே நேரம் வாங்கிவிடுங்கள்.